சின்ன அத்தையின் சயாம் மாப்பிள்ளை

சின்ன அத்தையின் கல்யாணத்துக்கு மாப்பிள்ளை வரவில்லை. பெரியவர்கள் யாரும் அவர் வருவார் என்று எதிர்பார்க்கவும் இல்லை. காரணம், அப்படி ஒருவர் உலகத்திலேயே இல்லை. இந்த விவரம் அந்தக் கல்யாணத்துக்குப் போன மூன்று பேரில் இரண்டு பேருக்குத் தெரியும். தெரியாத மூன்றாவது ஆள் நான். எனக்கு அப்போது எட்டு வயது.

ஜப்பான்காரர் காலம் அது. எங்கள் தேயிலைத் தோட்டம் ரிங்லெட் என்ற சிற்றூருக்கு மேலே, மலைச் சரிவில் இருந்தது. வெள்ளைக்காரத் துரை ஒரு நாள் காலையில் காரில் ஏறிக் கீழே போனார். நாய்களைக் கணக்கெழுதும் கிராணியிடம் விட்டுவிட்டுப் போனார். சில வாரங்களில் அதே பங்களாவில் ஒரு ஜப்பானிய அதிகாரி வந்து உட்கார்ந்தார். நாய்கள் அவருக்கும் வாலாட்டின. கிராணியும் ஆபீசில் அதே நாற்காலியில் உட்கார்ந்து, புதிய துரைக்குப் புதிய விதமாகக் குனிந்து வணக்கம் சொல்லப் பழகிக்கொண்டார்.

பிறகு லோரிகள் வந்தன. சயாமில் ரயில் பாதை போடுகிறார்கள், சில மாத வேலைதான், கை நிறையக் கூலி என்று சொல்லி லயம் என்ற எங்கள் வரிசை வீடுகளின் ஆண்களை ஏற்றிக்கொண்டு போனார்கள். முதல் லோரியில் விரும்பிப் போனார்கள். அடுத்தடுத்த லோரிகளில் ஏற்றப்பட்டார்கள். அப்பா தேயிலை ஆலையில் அடுப்புப் பார்த்தார். அடுப்பு அணையக் கூடாது என்பதால் அவரை விட்டுவைத்தார்கள். கங்காணியை, கூலியாட்களிடம் வேலை வாங்குவதற்காகவும், அவருடைய மைத்துனரை அரிசிக் கிடங்கைப் பார்ப்பதற்காகவும் விட்டுவைத்தார்கள். மற்றபடி லயத்தில் பெண்கள், பிள்ளைகள், கிழவர்கள்தான்.

அந்தச் சமயத்தில்தான் இன்னொரு பேச்சு மலையேறி வந்தது. கல்யாணமாகாத பெண்களை ஜப்பான்காரன் பிடித்துக்கொண்டு போகிறான், கழுத்தில் தாலி இருந்தால் விட்டுவிடுகிறான் என்றார்கள். எந்த ஊரில் நடந்தது, யார் பார்த்தது என்று யாருக்கும் தெரியவில்லை. ஆனால் எல்லாரும் நம்பினார்கள். நம்பாமல் இருந்து சோதித்துப் பார்க்கிற விஷயமில்லை அது. லயத்தில் கல்யாணங்கள் வரிசையாக நடந்தன. தங்கம் எல்லாம் அரிசியாகிவிட்டதால் மஞ்சள் கயிற்றில் மஞ்சள் கிழங்கைக் கோத்துக் கட்டினார்கள். விருந்து, வேகவைத்த மரவள்ளிக் கிழங்கு. தட்டுப்பாடு மாப்பிள்ளைக்குத்தான். கல்யாண வயதில் இருந்தவர்கள் சயாமில் மண் சுமந்துகொண்டிருந்தார்கள். அதனால், சாதாரண நாளில் யாரும் திரும்பிப் பார்க்காத ஆண்களுக்கெல்லாம் மதிப்பு ஏறியது. அப்படி ஏறியவர்களில் முதலாமவர் கங்காணியின் மைத்துனர். நாற்பதைத் தொட்டவர், மனைவியை இழந்தவர், அரிசிக் கிடங்கின் சாவியை இடுப்பில் வைத்திருந்தவர்.

அவர் என் சின்ன அத்தையைக் கேட்டார்.

சின்ன அத்தை அப்பாவின் தங்கை. எங்களோடு ஒரே வீட்டில் இருந்தாள். இருபது வயது. சிறுமியாக இருந்தபோதே கொழுந்து பறிக்கக் கூடையை மாட்டிக்கொண்டவள். ஆனால் கங்காணியின் மைத்துனர் கேட்ட நேரத்தில் அவள் கொழுந்துக்காரி இல்லை. கவ்வாத்துக்காரி.

தேயிலைச் செடி உண்மையில் மரம். விட்டால் வீட்டுக் கூரைக்கு மேல் வளரும். சில வருடங்களுக்கு ஒருமுறை முழங்கால் உயரத்துக்கு வெட்டி விட்டால்தான் அது புதராக நின்று கொழுந்து கொடுக்கும். அந்த வெட்டுக்குக் கவ்வாத்து என்று பெயர். அது ஆண்களின் வேலை. பெண் கத்தி வைத்தால் செடி பட்டுப்போகும் என்று சொல்வார்கள். பெண்கள் அதைக் கேட்டுக்கொண்டு கொழுந்து பறிப்பார்கள். ஆண்கள் சயாமுக்குப் போன பிறகு கத்திகள் கொட்டகையில் சும்மா தொங்கின. செடிகள் மளமளவென்று மேலே போயின. கொழுந்து குறைந்தால் அரிசி குறையும் என்று புதிய துரை சொன்னதாகக் கிராணி சொன்னார். கங்காணி பெரட்டில், காலையில் ஆட்களுக்கு வேலை பிரிக்கும் இடத்தில், நின்று, யார் வெட்டுவது என்று கிழவர்களைப் பார்த்தார். கிழவர்கள் தங்கள் முழங்கால்களைப் பார்த்தார்கள். அத்தை கொட்டகைக்குள் போய் ஒரு கத்தியை எடுத்துக்கொண்டு வந்தாள்.

செடி பட்டுப்போகவில்லை. இரண்டு மாதத்தில் துளிர்த்தது. அதற்குள் அவளுக்குப் பின்னால் சயாம்காரர்களின், அதாவது சயாமுக்குப் போனவர்களின், மனைவிமார் சிலரும் கத்தி எடுத்திருந்தார்கள்.

கவ்வாத்தில் ஒரு வசதி உண்டு. கொழுந்துக்காரி மாலை வரை மலையில் நிற்க வேண்டும். கவ்வாத்துக்காரருக்கு அப்படியில்லை; இத்தனை செடி என்று பிரித்துக் கொடுப்பார்கள், வெட்டி முடித்தால் வீட்டுக்குப் போகலாம். பனி விலகுவதற்குள் தொடங்கினால் மதியத்துக்குள் முடிந்துவிடும். மதியத்துக்குப் பிறகு அத்தையின் நேரம் அத்தையுடையது. லயத்துக்குப் பின்னால் சரிவைக் கொத்தி முட்டைக்கோஸும் சர்க்கரைவள்ளியும் போட்டாள். காய் முற்றியதும் சுமந்துகொண்டு தானா ராத்தா கடைத்தெரு வரை நடந்து போய், உப்பாக மாற்றிக்கொண்டு வந்தாள். எங்கள் லயத்தில் கல்யாணமாகாத பெண் ஒருத்தி தன் காலில் நடந்து, தன் வாயால் பேரம் பேசி, தன் தலையில் உப்பு சுமந்து வந்தது அதுதான் முதல் தடவை. உப்பைக் கடன் வாங்க வந்த யாரும் அது எப்படி வந்தது என்று குறை சொல்லவில்லை.

மைத்துனருக்காகக் கங்காணி பெண் கேட்டுவிட்டுப் போன அன்று மாலை அப்பா அடுப்படியில் வந்து உட்கார்ந்தார்.

"நாளு பாக்கச் சொல்றாரு."

"யாருக்கு?" என்றாள் அத்தை.

"உனக்குத்தான்."

"எனக்குன்னா எங்கிட்டல்ல கேக்கணும்."

அம்மா அவளை அதட்டினாள். அப்பா தரையைப் பார்த்துக்கொண்டு மீதியையும் சொன்னார். "கட்டிக்கிட்ட பொறவு கத்தியத் தொடக் கூடாதாம். பொம்பளை கத்தி புடிச்சா வீட்டுக்கு ஆகாதாம்."

"அவரு மூத்த பெண்டாட்டி கத்தியா புடிச்சிச்சு? அது ஏன் போய்ச் சேந்துச்சு?"

அப்பா அடுப்பில் ஒரு விறகைத் தள்ளினார். அவர் கெட்டவர் இல்லை. கங்காணியிடம் முடியாது என்று சொல்லிப் பழகாதவர். தவிர, தங்கையை லோரியில் ஏற்றிவிடுவார்களோ என்ற பயம் அவருக்கு உண்மையாகவே இருந்தது. அத்தை அவர் எதிரே வந்து குந்தினாள்.

"ஜப்பான்காரன் எதப் பாக்குறான் அண்ணே? கழுத்தப் பாக்குறானா, இல்ல வீட்டுக்குள்ள வந்து புருஷனப் பாக்குறானா?"

"கழுத்தத்தான்."

"அப்ப கழுத்துக்கு வேண்டியதச் செஞ்சாப் போதும்லா."

அம்மா கையிலிருந்த அகப்பையைக் கீழே வைத்துவிட்டாள். தாலியோடு விளையாடக் கூடாது என்றாள். அம்மா அப்படித்தான் சொல்வாள் என்று எல்லாருக்கும் தெரியும். பொட்டில்லாமல் குழாயடிக்குக்கூடப் போகாதவள். அப்பா சாப்பிட்டு எழும் வரை தட்டைத் தொடாதவள். செவ்வாய், வெள்ளி, அமாவாசை எதையும் ஜப்பான்காரனுக்காக விட்டுக்கொடுக்காதவள். அத்தை கத்தியைத் தீட்டப் போய்விட்டாள்.

ஆனால் மூன்று நாள் கழித்து அம்மாவே பேச்சை எடுத்தாள். கங்காணியின் மைத்துனருடைய மனைவி இறந்தபோது அந்த உடலைக் குளிப்பாட்டிய பெண்களில் அம்மாவும் ஒருத்தி. அன்று என்ன பார்த்தாள் என்று யாரிடமும் அவள் சொன்னதில்லை. இப்போதும் சொல்லவில்லை. "வெளையாட்டுக்குக் கட்டக் கூடாது. கட்டுனா ஒழுங்காக் கட்டணும்" என்றாள்.

அம்மா ஒழுங்கு என்றால் ஒழுங்குதான். நல்ல நாள் பார்த்தாள். கயிற்றை மஞ்சளில் ஊறவைத்துக் காயப்போட்டாள். வெற்றிலை கிடைக்காத காலத்தில் எங்கிருந்தோ இரண்டு வெற்றிலை தேடி எடுத்தாள். கல்யாணத்துக்கு வேண்டியதில் மாப்பிள்ளையைத் தவிர அவள் எதையும் விடவில்லை. அப்பாவின் பங்கு, கங்காணியிடம் போய் "கீழ ஒரு எடத்துல முன்னமே வாக்குக் குடுத்துட்டோம், மாப்பிள்ளை சயாமுக்குப் பொறப்படுறாராம், அதுக்குள்ள கட்டணுமாம்" என்று சொல்வது மட்டும். அதை மூன்று நாள் தனியாகச் சொல்லிப் பார்த்துவிட்டுத்தான் போனார்.

முட்டைக்கோஸ் ஏற்றிக்கொண்டு கீழே போகும் லோரியில் அம்மா, அத்தை, நான் மூவரும் போனோம். பெட்ரோல் இல்லாததால் அடுப்புக்கரியில் ஓடிய லோரி அது. ஏற்றம் வந்தால் எல்லாரும் இறங்கித் தள்ள வேண்டும். அத்தையும் தள்ளினாள். கல்யாணப் பெண் லோரி தள்ளி நான் பார்த்தது அன்றுதான். எனக்கு அது பெருமையாகக்கூட இருந்தது.

ரிங்லெட்டில் ஒரு சீனர் கடை வாசலில் என்னை உட்கார வைத்தார்கள். கையில் ஒரு சர்க்கரைவள்ளிக் கிழங்கு.

"இங்கயே இரு. தாலி கட்டுறதப் புள்ளைங்க பாக்கக் கூடாது" என்றாள் அம்மா.

அதுவரை நடந்த கல்யாணங்களில் எல்லாம் நான் முன்வரிசையில் உட்கார்ந்து பார்த்திருந்தேன். இருந்தாலும், சயாமுக்குப் போகிற மாப்பிள்ளைகளுக்குத் தனிச் சட்டம் இருக்கும் என்று எடுத்துக்கொண்டு கிழங்கைத் தின்றேன்.

கடைக்குப் பின்னால் ஓடையருகே நடந்ததைப் பல வருடம் கழித்து அம்மா எனக்குச் சொன்னாள். ஒரு கல்லின் மேல் விளக்கேற்றினார்கள். அத்தை கிழக்கே பார்த்து உட்கார்ந்து, கயிற்றைத் தானே கழுத்தில் சுற்றிக்கொள்ளப் போனாள். அம்மா அதைப் பிடுங்கினாள். எங்கள் வழக்கத்தில் தாலியின் முதல் முடிச்சை மாப்பிள்ளை போடுவார். மற்ற இரண்டையும் மாப்பிள்ளையின் சகோதரி பின்னால் நின்று போடுவாள். அம்மாவின் கல்யாணத்தில் அப்படிப் பின்னால் நின்ற நாத்தனார் இந்தச் சின்ன அத்தைதான்.

"என் கழுத்துல முடிச்சுப் போட்டவ நீ. வெரல் வலிக்குதுன்னு அழுத. இப்பக் குனி" என்றாளாம் அம்மா.

மூன்று முடிச்சையும் அம்மாவே போட்டாள்.

அவர்கள் திரும்பி வந்தபோது அத்தையின் நெற்றியில் குங்குமமும் கழுத்தில் புதுக் கயிறும் இருந்தன. நான் அவர்களுக்குப் பின்னால் பார்த்தேன்.

"மாமா எங்க?"

"போயிட்டாரு. லோரிக்கு நேரமாச்சு" என்றாள் அம்மா.

"என்னையப் பாக்காமயா?"

அம்மாவுக்குப் பொய் அதற்கு மேல் வரவில்லை. அத்தை குனிந்து என் வாயைத் துடைத்தாள். "எங்க என் மருமவளக் காணோம்னு கேட்டாரு. நீ கெழங்கு தின்னுக்கிட்டிருக்கன்னு சொன்னேன். சரி, தின்னட்டும், தொந்தரவு பண்ணாதேன்னு சொல்லிட்டாரு."

நல்ல மாமா என்று நினைத்துக்கொண்டேன்.

லயத்துக்குத் திரும்பியபோது கங்காணி வாசலில் நின்றார். அவர் மைத்துனர் சற்றுத் தள்ளி நின்று சாவிக்கொத்தை எண்ணிக்கொண்டிருந்தார். அக்கம்பக்கத்துப் பெண்கள் கயிற்றைப் பார்க்க வந்து கூடிவிட்டார்கள்.

"மாப்பிள்ளைக்கு எந்தத் தோட்டம்?" என்று கேட்டார் கங்காணி.

"தாப்பாவுக்குக் கீழ" என்றாள் அத்தை.

"பேரு?"

அத்தை தலையைக் குனிந்துகொண்டாள். அவள் கங்காணியின் முன் தலை குனிந்து நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான். "என்னா கங்காணி, புருஷன் பேர எங்கிட்டயே கேக்குறீங்க?"

கூடியிருந்த பெண்கள் 'ச்சு' கொட்டினார்கள். கட்டியவன் பெயரைப் பெண் தன் வாயால் சொல்லக் கூடாது என்பது கங்காணி தெரியாதவரா? அவருடைய மனைவியே அவரை 'அங்க', 'இந்தாங்க' என்றுதான் இருபது வருடமாகக் கூப்பிட்டுக்கொண்டிருந்தாள். அவர் அம்மாவைப் பார்த்தார். நாத்தனார் புருஷன் பெயரை நான் மட்டும் சொல்லலாமா என்பதுபோல அம்மா முந்தானையை இழுத்து வாயை மூடிக்கொண்டாள். கங்காணி அப்பாவிடம் திரும்பினார். ஆண் பிள்ளை சொல்லலாம்.

அப்பா இதற்கு ஒத்திகை பார்த்திருக்கவில்லை. நெற்றியைத் தேய்த்தார். "மாப்பிள்ளை மாப்பிள்ளைன்னே பேசிட்டோம். பேரு கேக்க வுட்டுப்போச்சு, கங்காணி."

லயமே சிரித்தது. பெயர் கேட்காமல் தங்கையைக் கட்டிக்கொடுத்த மனுஷன் என்று அப்பாவுக்கு வெகுநாள் பேச்சு இருந்தது. ஆனால் அவசரக் கல்யாணங்களின் காலம் அது. நம்ப முடியாத அசட்டுத்தனமாக அது யாருக்கும் படவில்லை. கங்காணியும் தலையில் அடித்துக்கொண்டு போய்விட்டார்.

இதற்குப் பிறகு அத்தைக்குக் கிடைத்த சுதந்திரம் விசித்திரமானது. கல்யாணமாகாத பெண் தனியாகத் தானா ராத்தா போனால் புருவத்தைத் தூக்கியவர்கள், சயாம்காரர் மனைவி போனால் "பாவம், என்ன செய்யும்" என்றார்கள். கத்தி பிடித்தால் "புருஷன் வேலையப் பாக்குது" என்றார்கள். அத்தை வெள்ளிக்கிழமை தவறாமல் மற்ற மனைவிமாரோடு கோயிலில் விளக்குப் போட்டாள். புருஷன் நலமாகத் திரும்ப வேண்டும் என்று அவளும் கைகூப்பி நின்றாள். கிழவர்கள் அவளைக் காட்டித் தங்கள் மருமகள்களுக்குப் புத்தி சொன்னார்கள்.

பெண்கள் சொல்லவில்லை. அவர்களுக்குத் தெரியும். அடுத்த வீட்டு அக்கா, முதல் லோரியில் போனவரின் மனைவி, குழாயடியில் அத்தைக்கு முதுகு தேய்க்கும்போது கயிற்றைத் தூக்கிப் பார்த்துவிட்டு, "இது உங்க அண்ணி வெறகுக் கட்டுல போடுற முடிச்சுல்ல?" என்றாளாம். அத்தை முகத்தைக் கழுவிக்கொண்டாளாம். அக்கா தண்ணீரை ஊற்றிவிட்டு, "கெட்டியாத்தான் இருக்கு" என்றாளாம். கொஞ்ச நாளில் கவ்வாத்துக்குப் போகிற எல்லாப் பெண்களுக்கும் தெரிந்துவிட்டது. ஒருத்தியும் தன் வீட்டுக் கிழவரிடம்கூட வாய் திறக்கவில்லை.

ஒன்றை மட்டும் அத்தை வாங்கிக்கொள்ளவில்லை. சயாம்காரர் மனைவிமாருக்கு வாரம் ஒரு டின் அரிசி கூடுதலாகக் கிடங்கில் அளந்தார்கள். வரிசையில் நிற்க வேண்டாம் என்று அம்மா சொல்லத் தேவையிருக்கவில்லை. "எங்க வீட்டுல போதும், பிள்ளைக்காரங்களுக்குக் குடுங்க" என்று அத்தை முதல் வாரமே கிராணியிடம் சொல்லிவிட்டாள். ஆண்கள் அதை ரோஷம் என்றார்கள்.

இப்படி ஒரு வருடத்துக்கு மேல் போனது. பிறகு சயாமிலிருந்து ஒருவர் திரும்பி வந்தார்.

அவர் எங்கள் தோட்டத்திலிருந்து முதல் லோரியில் போனவர்களில் ஒருவர், தனிக்கட்டை. காய்ச்சலால் வேலைக்கு ஆகாது என்று கழித்துவிடப்பட்டு, எப்படியோ ரயில் மாறி, மலையேறி வந்து சேர்ந்தார். சாக்குத் துணியைச் சுற்றிக்கொண்டு வெயிலில் உட்கார்ந்திருப்பார். அதிகம் பேச மாட்டார். எங்கள் ஆட்கள் இருந்த முகாமில் வாந்திபேதி என்று மட்டும் சொன்னார். அந்த ஒரு வார்த்தையை வைத்துக்கொண்டு லயம் ஒரு வாரம் பேசியது. பேசப் பேச முகாமில் யாரும் மிஞ்சவில்லை.

கங்காணி முடிவு செய்தார். போனவர்களுக்குக் கருமாதி செய்யாவிட்டால் லயத்துக்கு ஆகாது. செத்தவனின் மனைவி பூவும் பொட்டுமாக நடமாடினாலும் ஆகாது. எல்லாருக்கும் சேர்த்து ஒரே நாளில் முடித்துவிடலாம். அவரைக் குற்றம் சொல்ல முடியாது. அவருடைய சொந்தத் தம்பியும் அந்த முகாமில்தான் இருந்தான். தாலி அறுத்தவள் காலையில் வேலைக்குப் போகும் ஆண்களுக்கு எதிரே வரக் கூடாது என்பதால், விடியற்காலைக் கவ்வாத்தும் அவர்களுக்கு இல்லை என்று ஆயிற்று. கங்காணியின் மைத்துனர் அந்த வாரம் வேட்டியைச் சோப்புப் போட்டுத் துவைத்தார் என்று அடுத்த வீட்டு அக்கா சொன்னாள். சோப்பு அப்போது தங்கம். அறுத்தவளை மறுபடி கட்டிக்கொள்வது எங்கள் பக்கத்தில் வழக்கத்தில் உண்டு. அதற்கு அவளுடைய அண்ணனும் கங்காணியும் சம்மதித்தால் போதும்.

ஞாயிற்றுக்கிழமை காலை. கோயில் முன்னால் பனி இன்னும் விலகவில்லை. அறுத்த கயிற்றைப் போட, ஒரு குடம் பாலுக்குப் பதிலாக ஒரு குடம் தண்ணீர் வைத்திருந்தார்கள். துணித் தட்டுப்பாட்டில் ஒரே ஒரு வெள்ளைச் சேலைதான் கிடைத்தது. ஒவ்வொருத்தியாகக் கட்டிக்கொண்டு அழுதுவிட்டு, அடுத்தவளுக்குக் கொடுப்பதாக ஏற்பாடு. மனைவிமார் ஒரு பக்கம் நின்றார்கள். நான் அம்மாவின் முந்தானையைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

"வாங்க தங்கச்சிங்களா" என்றார் கங்காணி. "அழுது முடிச்சிருவோம். இருக்கவங்க இருக்கணும்ல."

யாரும் அசையவில்லை. அத்தை முன்னால் வந்தாள். குடத்திடம் போகாமல், சாக்குப் போர்த்தி உட்கார்ந்திருந்தவரிடம் போனாள்.

"அண்ணே, நீங்க பாத்தீங்களா?"

அவர் நிமிரவில்லை. "படுத்திருந்தாங்க தங்கச்சி. நெறைய பேரு படுத்திருந்தாங்க. செத்தத நான் பாக்கல."

"பாக்காததுக்கு எப்புடிக் கயித்த அறுக்குறது, கங்காணி?"

"எனக்கு மட்டும் ஆசையா? என் தம்பியுந்தான் போயிருக்கான்."

"அந்தத் தம்பி நாளைக்கு மலையேறி வந்து, என் பெண்டாட்டி கழுத்துல இருந்தது எங்கன்னு கேட்டா நீங்க என்னா சொல்லுவீங்க?"

கங்காணி மனைவிமார் வரிசையைத் திரும்பிப் பார்த்தார். அவருடைய தம்பி மனைவியும் அந்த வரிசையில்தான் நின்றாள், முக்காட்டை முகத்துக்கு இழுத்துவிட்டுக்கொண்டு.

அப்போது மைத்துனர் குறுக்கே வந்தார். "மத்தவங்க பேசுனா நாயம். அவங்களுக்குப் புருஷன் இருந்தான், நாம பாத்தோம். இதுக்குப் புருஷன்னு ஒருத்தன் இருந்தானான்னே தெரியாது. இது என்னா பேசுறது?"

அம்மாவின் கை என் தோளில் இறுகியது. அப்பா ஆலைப் பக்கம் பார்த்தார், யாராவது அவசரமாக அடுப்புக்குக் கூப்பிட மாட்டார்களா என்பதுபோல. அத்தையின் கை தானாகக் கயிற்றுக்குப் போனது.

"ஏன் தெரியாது?" என்றாள் அடுத்த வீட்டு அக்கா. "நான் பாத்திருக்கேன். ரிங்லெட்டுல. நல்ல ஒசரம்."

"நானும் பாத்தேன்லா" என்றாள் இன்னொருத்தி. "எங்க வூட்டுக்காரருக்குத் துணி குடுக்கக் கீழ போனப்ப. ரொம்ப ஒசரம்னு சொல்ல முடியாது. ஆனா நல்ல மனுஷன்."

"கவ்வாத்து வேலை தெரியும்னு எங்க அவரு சொல்லியிருக்காரு" என்றாள் மூன்றாவது பெண்.

பிறகு, முக்காட்டுக்குள்ளிருந்து ஒரு குரல் வந்தது. கங்காணியின் தம்பி மனைவி. கணவனின் அண்ணன் இருக்கிற இடத்தில் வாய் திறக்காதவள். எனக்கு நினைவு தெரிந்து அவள் குரலை நான் கேட்டதே இல்லை.

"எனக்கும் தெரியும்."

கங்காணி அவளைப் பார்த்துக்கொண்டே நின்றார். "அப்ப பேரச் சொல்லுங்க, யாராச்சும்" என்றார். கேட்கும்போதே அது நடக்காது என்று அவருக்குத் தெரிந்திருக்கும். அடுத்தவள் புருஷன் பெயரை நாங்கள் எப்படிச் சொல்வது என்று பெண்கள் ஒரே குரலில் கேட்டார்கள். மைத்துனர் என்னைக் கைகாட்டினார். "புள்ள சொல்லலாம்ல? கல்யாணத்துக்குப் போன புள்ளதான?"

கங்காணி என் முன்னால் குந்தினார். அவரை அவ்வளவு கிட்டத்தில் நான் பார்த்ததில்லை. கண்கள் சிவந்திருந்தன.

"பாப்பா, சொல்லு. ஒன் மாமா பேரு என்னா?"

அம்மாவின் விரல்கள் என் எலும்பில் பதிந்தன. அத்தை என்னைப் பார்க்கவில்லை; மலையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். எல்லாரும் பார்த்த, எல்லாருக்கும் தெரிந்த என் சொந்த மாமாவைப் பற்றி எனக்கு மட்டும் ஒன்றும் தெரியவில்லையே என்று அவமானமாக இருந்தது. தெரிந்ததைச் சொன்னேன்.

"மாமா."

"மாமாதான். பேரு?"

"பேருதான் மாமா."

எனக்கு அம்மாவின் பெயர் அம்மா. அத்தையின் பெயர் அத்தை. கங்காணியின் பெயர் கங்காணி. இவர்களுக்கெல்லாம் வேறு பெயர் இருக்கும் என்று அதுவரை நான் நினைத்துப் பார்த்ததில்லை.

முதலில் சிரித்தது அடுத்த வீட்டு அக்கா. அவள் சிரிப்பில் மற்ற பெண்களும் சேர்ந்துகொண்டார்கள். அடக்கி அடக்கி, பிறகு அடக்க முடியாமல், ஒருத்தி தோளில் ஒருத்தி சாய்ந்துகொண்டு சிரித்தார்கள். கண்ணீர் வர வரச் சிரித்தார்கள். சாக்குப் போர்த்தியிருந்தவர்கூட ஒரு முறை தலையைத் தூக்கினார். கங்காணி கோயில் படியில் உட்கார்ந்து துண்டால் முகத்தை மூடிக்கொண்டார். அவர் தோள்கள் குலுங்கின. அவரும் சிரிக்கிறார் என்றே நான் நினைத்தேன்.

கொஞ்ச நேரம் கழித்துத் துண்டை எடுத்தார். "தண்ணிய ஊத்திருங்க" என்றார். "வரட்டும். வர்றவங்க வரட்டும். அப்பறம் பாத்துக்கலாம்."

மைத்துனர் ஏதோ சொல்ல வந்தார். "நீ போய்க் கெடங்கத் தெற" என்றார் கங்காணி.

குடத்துத் தண்ணீரைக் கோயிலுக்குப் பக்கத்திலிருந்த கீரைப் பாத்தியில் ஊற்றினார்கள். வெள்ளைச் சேலையைக் கிழித்துப் பிள்ளைகளுக்குச் சட்டை தைப்பது என்று அங்கேயே முடிவாயிற்று. அத்தை மற்றப் பெண்களோடு முன்னால் நடந்தாள். மறுநாள் எந்தச் சரிவில் வெட்டுவது என்று பேசிக்கொண்டு போனார்கள். அக்கா என்னைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள். ஒன்பது வயதுப் பிள்ளையை யாரும் அப்படித் தூக்க மாட்டார்கள். அவள் கன்னம் என் கன்னத்தில் ஈரமாகப் பட்டது.

நான் அவளோடு பேசவில்லை. அத்தனை பேர் முன்னால் என்னைப் பார்த்துச் சிரித்தார்களே என்று கோபம். பெயர் தெரியாமல் அத்தையைக் கைவிட்டுவிட்டேனே என்று வருத்தம் வேறு. சயாமிலிருந்து மாமா திரும்பி வந்ததும், சாப்பாடு போடுவதற்கு முன்னாலேயே, அவர் பெயரைக் கேட்டுவிட வேண்டும் என்று தீர்மானித்துக்கொண்டேன்.